மூன்றாம் நிறுத்தத்துக் கல்

இந்தக் கதையில் ஒரு நல்ல சிரிப்பு இருக்கிறது. ஆனால் உடனே கிடைக்காது. முதலில் இரண்டு கிலோமீட்டர் மலை ஏற வேண்டும். பதினோரு பேருக்குப் பாறை காட்ட வேண்டும். நடுவில் ஒரு பெரிய மனிதர் ஒரு கல்லை நக்க வேண்டும். அவசரக்காரர்கள் கீழே வேனிலேயே உட்கார்ந்துகொள்ளலாம்.

கனகசபாபதி சார் முப்பத்தைந்து வருடம் பள்ளிக்கூடத்தில் இருந்தவர். கடைசி ஒன்பது வருடம் தலைமையாசிரியர். ஓய்வு பெற்ற மறுவாரமே மலைமேல் இருக்கும் தேசியப் பூங்காவுக்கு வந்து நின்றார். அங்கே சனி, ஞாயிறுகளில் பாறை நடை உண்டு. எந்தப் பாறை எப்படிப் பிறந்தது, எந்த வெடிப்பு எதனால் வந்தது என்று சொல்லிக்கொண்டே ஒரு கைடு ஆட்களை மேலே கூட்டிப் போவார். அந்தக் கைடாக வேண்டும் என்பது சாரின் ஆசை.

கைடுகளைப் பழக்குகிறவள் ஸ்டெல்லா. நிலவியல் படித்தவள், வயது இருபத்தொன்பது. அவள் கையெழுத்துப் போட்டால்தான் வனத்துறை பேட்ஜ் தரும்.

இரண்டு வருடமாக அவள் போடவில்லை.

"டீச்சர்," என்றார் சார். அவளை அப்படித்தான் கூப்பிடுவார். மகள் வயதுப் பெண்ணை டீச்சர் என்று கூப்பிடும் தலைமையாசிரியரைப் பார்த்து பூங்கா வாசல் டீக்கடைக்காரர் வாராவாரம் ஒருமுறை மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொள்வார். "அடுத்த மாசம் எனக்கு அறுபது. அதுக்கு மேல புதுசா கைடு எடுக்க மாட்டாங்க. இன்னைக்கு நடைதான் கடைசி."

"தெரியும் சார்."

"நீங்க குடுத்த பாடம் அத்தனையும் மனப்பாடம். ஒரு எழுத்து தப்பாது. எனக்கு இன்னும் என்ன குறைன்னு சொல்லுங்க."

ஸ்டெல்லா டீயைக் குடித்து முடித்தாள்.

"மூணாவது நிறுத்தத்துல, ஓடை ஓரமா, ஒரு கல் வச்சிருக்கேன். அதைப் பத்தி அவங்களுக்குச் சொல்லுங்க."

"என்ன கல்?"

"நீங்க சொல்லுங்க."

சாருக்கு மார்பு விம்மியது. டீச்சர் தனக்கென்று தனியாக ஒரு கல் எடுத்து வைத்திருக்கிறாள்!

சிரிப்பு இன்னும் வரவில்லை. நடங்கள்.

முதல் நிறுத்தத்தில் சார் குரலை உயர்த்தினார். சபை கூடிவிட்டால் அவர் வாயில் பேச்சுத் தமிழ் நிற்காது.

"அன்பர்களே! நீங்கள் காலை வைத்திருக்கும் இந்த நீலக்கரும் பாறைக்கு வயது இருநூற்றைம்பது கோடி ஆண்டுகள். பூமியின் வயிற்றுக்குள் பல மைல் ஆழத்தில் வெந்து பிறந்தது. அன்று இவ்வுலகில் ஒரு கண் கிடையாது. ஒரு கால் கிடையாது. ஒரு வால் கிடையாது!"

"வாவ்! டூ பாயிண்ட் ஃபைவ் பில்லியன், கைஸ்!" என்றார் கேமராவோடு வந்திருந்த சென்னைக்காரர்.

கூட்டத்தின் ஓரத்தில் நின்ற ஒருவர் செருப்பைக் கழற்றிவிட்டுப் பாறையைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொண்டார். ஒட்டன்சத்திரத்துக் கொத்தனார், காத்தமுத்து. பக்கத்தில் மனைவி பஞ்சவர்ணம். மகளுக்கு வேலை கிடைத்து, முதல் சம்பளத்தில் அப்பா அம்மாவை மலைக்கு அனுப்பி வைத்திருந்தாள்.

"நாப்பது வருசமா கல்லுதான் சார் சோறு போட்டுச்சு," என்றார் அவர். "அது பொறந்த வீட்டை ஒரு தடவ பாத்துப்புடணும்னு இருந்துச்சு. பாத்துட்டேன். நீங்க நல்லா இருக்கணும்."

சார் பெருந்தன்மையோடு தலையசைத்தார். மனதுக்குள் பேட்ஜைச் சட்டையில் குத்திப் பார்த்துக்கொண்டார். இடப்பக்கம்தான் எடுப்பாக இருந்தது.

இரண்டாம் நிறுத்தத்தில் பாறையின் குறுக்கே ஓடிய வெள்ளை வரி. அதுவும் பிசகாமல் போனது. ஸ்டெல்லா கடைசி ஆளாக நடந்துவந்தாள்.

மூன்றாம் நிறுத்தம். ஓடை ஓரத்தில், புல் நடுவே, குழந்தைத் தலையணை அளவில் ஒரு கல். மேலெல்லாம் பாசி. பாசி விட்ட இடத்தில் சாம்பல் நிறம், அதில் பதிந்த உருண்டை உருண்டையான கூழாங்கற்கள்.

சாருக்குப் புல்லரித்தது. இது பாடத்தில் இல்லாத கல். ஆனால் புத்தகத்தில் படம் பார்த்திருக்கிறார்.

"கூட்டுப்பாறை!" என்று கூவினார். "ஒரு காலத்தில் இங்கே பேராறு ஒன்று ஓடியது. அது உருட்டி வந்த கூழாங்கற்கள், மணல், சேறு எல்லாம் ஒன்றாய் இறுகி, கோடிக்கணக்கான ஆண்டுகள் கழித்து இதோ நம் முன்னே!"

கேமரா கிளிக், கிளிக் என்றது.

கல்லின் நிறம் தெளிவாகத் தெரிய ஈரம் வேண்டும். நிலவியல்காரர்கள் அதற்குச் சட்டென்று நாக்கை நீட்டிவிடுவார்கள். ஸ்டெல்லா தினமும் செய்வாள். சார் மட்டும் கௌரவம் பார்த்துப் பாட்டில் தண்ணீர் ஊற்றுவார். இன்று கடைசி நாள் அல்லவா? குனிந்தார். கண்ணை மூடினார். நாக்கை நீட்டி, கல்லின் நெற்றியில் ஒரு நீண்ட நக்கு நக்கினார்.

"ஆதிகாலத்தின் சுவை," என்றார்.

பஞ்சவர்ணம் புருஷன் காதைக் கடித்தாள். "ஏங்க, அவரு எதைப் போயி நக்குறாரு?"

"சும்மா இரு புள்ள."

"கலவையா என்ன?"

"சும்மா இருங்கறேன்ல. பெரியவரு."

சாரின் காதில் பாதி விழுந்தது. "என்ன அங்கே பேச்சு?"

"ஒண்ணுமில்லீங்க சார்," என்றார் காத்தமுத்து. "எங்க கலவை மாதிரியே இருக்குதுன்னு..."

"மிகச் சரி! இயற்கைதான் முதல் கொத்தனார். நீங்கள் எல்லாம் அவளிடம் கற்றவர்கள்."

"அதுவும் சரிதானுங்க."

"சார், இந்த சைடு மட்டும் எப்படி இவ்ளோ ஃப்ளாட்டா இருக்கு?" என்றார் கேமராக்காரர்.

"பிளவுத் தளம்."

"இந்த ஆரஞ்சுக் கோடு?"

"இரும்புத் தாது."

கொஞ்சம் பொறுங்கள். வந்துவிட்டது.

பஞ்சவர்ணத்துக்கு அடக்க முடியவில்லை. உட்கார்ந்து, முந்தானையால் பாசியைத் துடைத்துப் பார்த்தாள்.

"அய்ய! நாய்க் காலு!"

எல்லாரும் குனிந்தார்கள். நாய்க் கால்தான். ஒன்றல்ல, மூன்று. நான்கு விரலும் நடுவில் மெத்தையுமாக, அச்சுக் குத்தினாற்போல்.

"அம்மா, கவனியுங்கள்," என்று தொடங்கினார் சார். "இது சாதாரண நாயல்ல. மிகப் பழங்காலத்தில் வாழ்ந்த ஒரு..."

"பட் சார்," என்றார் கேமராக்காரர், "அப்போ ஒரு காலும் கிடையாது, ஒரு வாலும் கிடையாதுன்னு நீங்கதானே சொன்னீங்க?"

பதில் தெரியாத கேள்விக்கு என்று ஒவ்வொரு வாத்தியாரும் சில பதில்கள் வைத்திருப்பார். கனகசபாபதி சாரிடம் மூன்று இருந்தன. 'நல்ல கேள்வி, நாளைக்குப் பார்ப்போம்.' 'இது பரீட்சைக்கு வராது.' 'முதலில் நீ உட்கார்.' முப்பத்தைந்து வருடம் இந்த மூன்றை வைத்தே ஓட்டியிருக்கிறார். மூன்றாவது இப்போது நாக்கு நுனிக்கே வந்துவிட்டது.

அப்போதுதான் காத்தமுத்துவைப் பார்த்தார்.

எல்லாரும் சிரித்தபோதும் கொத்தனார் சிரிக்கவில்லை. யார் முகத்தையும் பார்க்காமல், தானே தப்புச் செய்துவிட்டவர்போலத் தலையைக் குனிந்து நின்றார். ஒரு கை மனைவியின் தோளை அழுத்தி, பேசாதே என்றது.

சாரின் நாக்கில் இன்னும் அந்தச் சுவை இருந்தது. கரகரப்பாக, சுண்ணாம்பாக. சொந்த வீடு கட்டியபோது மூன்று மாதம் மூக்கில் ஏறிய அதே வாசனை.



"ஐயா," என்றார் சார். குரல் இறங்கியிருந்தது. "இது என்ன கல்லு?"

"சார், நீங்க படிச்சவரு. நான் போயி..."

"எனக்குத் தெரியலை. நீங்க சொல்லுங்க."

பின்னால் நின்ற ஸ்டெல்லா சட்டைப் பையிலிருந்து பேனாவை எடுத்தாள்.

காத்தமுத்து மனைவியின் தோளிலிருந்து கையை எடுத்தார். பிறகு குத்துக்காலிட்டு உட்கார்ந்து, கல்லின் மேல் உள்ளங்கையை வைத்தார்.

"கான்கிரீட்டுங்க. பழைய வேலை. உடைச்ச ஜல்லி இல்ல பாருங்க, ஆத்துக் கூழாங்கல்லு. ஜல்லி ஏத்த லாரி வராத காலம். தட்டையா இருக்கே, அது பலகை அடைச்ச பக்கம். இந்தா, பலகையோட ரேகை. கோடு, கம்பி துருப்பிடிச்சது. நாய் வந்தது, கலவை போட்டு ஒரு மணி நேரம் வாக்குல. முன்னாடியே வந்திருந்தா தடம் மூடிக்கும். லேட்டா வந்திருந்தா பதியாது. மூணு காலு ஆழம், நாலாவது இல்ல. பின்னங்காலு நொண்டி."

"பாவம்," என்றாள் பஞ்சவர்ணம்.

"கொத்தனாரு பாத்திருந்தா கரணையால தேய்ச்சு விட்டிருப்பான். ஏன் தேய்க்கலை?" அவர் விரல் கல்லின் மேல் ஊர்ந்து நின்றது. "இந்தா. புள்ளி புள்ளியா குழி. தூறல். மழை வந்துருச்சுங்க. சிமெண்ட் மூட்டைய மூடிட்டு எல்லாரும் ஓடிட்டாங்க. நாயும் ஒதுங்க இடம் தேடித்தான் குறுக்க ஓடியிருக்கும்."

கேமராக்காரர் கேமராவை இறக்கிவிட்டுக் குழிகளைத் தொட்டுப் பார்த்தார். ஸ்டெல்லா முன்னால் வந்து மண்டியிட்டாள்.

"தூறலை நான் கவனிக்கவே இல்லண்ணே," என்றாள்.

கனகசபாபதி சார் ஈரப் புல்லில் சம்மணமிட்டு உட்கார்ந்திருந்தார். மடிப்புக் கலையாத வெள்ளை வேட்டியில் ஓடைச் சேறு ஏறிக்கொண்டிருந்தது. அவர் பார்க்கவில்லை. "அப்புறம்? கம்பி எத்தனை நூலு கனம்?" என்று கேட்டார். "அப்புறம்? மணல் எந்த ஆத்து மணல்?" இன்னொரு கால் மணி நேரம் கேட்டார்.

எழுந்ததும் கொத்தனாரின் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். "ரொம்ப நன்றிங்க. என் முகத்தைக் காப்பாத்தப் பாத்தீங்களே, அதுக்கும்."

"அட விடுங்க சார். நீங்க கேட்டீங்க பாருங்க, எங்க ஊர்ல என்னை யாரு இப்படிக் கேட்டிருக்கா?"

நடை முடிந்தது. வனக்காவலர் எல்லாரையும் வேனுக்குக் கூட்டிப் போனார். பஞ்சவர்ணம் திரும்பித் திரும்பிக் கையாட்டிக்கொண்டே இறங்கினாள்.

ஓடை ஓரத்தில் கல்லும் இரண்டு பேரும்தான்.

"எங்க இருந்து டீச்சர் இது?"

"பூங்கா கேட்டுக்குக் கீழே ஒரு மதகு இடிஞ்சு கிடக்கு சார். நேத்து ரேஞ்சர்கிட்ட அனுமதி வாங்கித் தூக்கிட்டு வந்தேன். தோள்பட்டை இன்னும் வலிக்குது."

"எனக்காகவா?"

அவள் ஓடையில் கை கழுவினாள்.

"ரெண்டு வருஷம் எனக்காக மெனக்கெட்டீங்க," என்றார் சார். "கடைசி நாள்ல சிமெண்டை நக்கிட்டு நிக்கறேன். ஆனா ஒண்ணு டீச்சர். இன்னைக்கு மாதிரி ஒரு வகுப்புல நான் உட்கார்ந்ததே இல்லை. இது போதும். சந்தோஷமாத்தான் கீழே போறேன்."

கும்பிட்டார். பையைத் தோளில் மாட்டிக்கொண்டு பத்தடி நடந்தார்.

"சார், கல்லு?"

"என்ன?"

"வெளியில இருந்து உள்ள வந்தது எதுவும் பூங்காவுல தங்கக் கூடாது. இதைக் கீழே கொண்டுபோகணும்."

"ஆமா, சட்டம் அதுதான். யாரு கொண்டுபோகணும்?"

"கைடுதான்."

சார் மேல் பாதையைப் பார்த்தார். யாரும் இல்லை. கீழ்ப் பாதையைப் பார்த்தார். அங்கும் இல்லை.

"இப்ப ஏது டீச்சர் கைடு? நீங்கதானே இருக்கீங்க?"

"நான் கைடு இல்லையே சார். நான் ஜியாலஜிஸ்ட்."

கனகசபாபதி சார் மறுபடி மேலே பார்த்தார். மறுபடி கீழே பார்த்தார். பிறகு அவள் கையில் மூடி போடாமல் இருந்த பேனாவைப் பார்த்தார்.