கடைசிக் காட்டுக்கோழியின் மகள்

“உங்கப்பனுக்காக நாங்க அழுத அழுகையில பாதியாவது நீ அழுதிருப்பியாடி?”

இப்படிக் கேட்டது முத்துக்கொண்டை என்னும் வெள்ளைக் கோழி. உடனே அதே கேள்வியை, ஓர் எழுத்துக்கூடக் குறையாமல், இன்னும் உரக்கக் கேட்டது.

“உங்கப்பனுக்காக நாங்க அழுத அழுகையில பாதியாவது நீ அழுதிருப்பியாடி?”

எதிரே நின்றது சாம்பி. உடம்பில் பாதி வெள்ளை, பாதி சாம்பல். அதன் தாய் வெள்ளைக் கோழி, முத்துக்கொண்டையின் கூடப் பிறந்த தங்கை. தந்தை அந்த மூங்கில்காட்டின் காட்டுச்சேவல், பொட்டுக்கழுத்தன். கழுத்து இறகுகளில் மெழுகு சொட்டினாற்போல் மஞ்சள் பொட்டுகள் இருந்ததால் அந்தப் பெயர்.

“அழுதேனா இல்லையான்னு அப்புறம் பேசலாம், பெரியம்மா. அப்பாவோட இறகைக் குடுங்க. நான் போயிடறேன்” என்றது சாம்பி.

“பெரியம்மாவா! நினைவு நாளும் அதுவுமா, சபை நடுவுல உறவு கொண்டாடறதைப் பாரு!”

அன்று கடைசிக் காட்டுக்கோழி நினைவு நாள். வேங்கை மரத்தடியில் வெள்ளைக் கோழிகள் எல்லாம் உயர வரிசையில் நின்றிருந்தன. மரப் பொந்தில் பொட்டுக்கழுத்தனின் கழுத்து இறகுகள் தோரணம்போல் தொங்கின. ஒவ்வொரு கோழியும் முன்னால் வந்து, தலையைக் குனிந்து, ஒரு விம்மல் விம்மிவிட்டு நகர்ந்தது. அழத் தெரியாமல் விழித்த குஞ்சுகளுக்குப் பின்னாலிருந்து ஒரு கொத்து விழுந்தது. உடனே அழுகை வந்துவிட்டது!

இவ்வளவு அழுகைக்கும் காரணம் இருக்கிறது.

ஒரு மழைக்காலத்தில் மலையடிவாரத்துப் பண்ணை வெள்ளத்தில் மூழ்கியது. தப்பிப் பிழைத்த வெள்ளைக் கோழிகள் காட்டுக்குள் ஓடி வந்தன. கூண்டிலேயே வளர்ந்தவை அவை. மரமேறத் தெரியாது. கறையான் புற்றைப் பார்த்துக் கல் என்று நினைத்து மேலே ஏறி உட்கார்ந்துகொண்டு, பசிக்கிறது என்று அழுதன. பொட்டுக்கழுத்தனும் அதன் கூட்டமும் ஓடி வந்து புற்றைக் கிளறிக் காட்டின. “மேலே வாங்க! இருட்டினா காட்டுப்பூனை வரும்!” என்று தங்கள் கிளைகளைக் காலி செய்து கொடுத்தன.

அங்கேதான் வந்தது வினை. “நாம் வந்தபோது இந்தக் கிளைகள் காலியாகத்தான் இருந்தன” என்று வெள்ளைக் கோழிகள் தங்கள் குஞ்சுகளுக்குச் சொல்லிக்கொடுத்தன. குஞ்சுகள் வளர்ந்து, “காடே காலியாகத்தான் இருந்தது” என்று தங்கள் குஞ்சுகளுக்குச் சொல்லின.

பிறகு வெள்ளைக்கழிச்சல் நோய் வந்தது. பண்ணையிலிருந்து கூடவே வந்த நோய் அது. வந்தவர்களுக்குப் பழகிப்போயிருந்தது. காட்டுக்கோழிகளுக்குப் பழகவில்லை. கழுத்து முறுக்கிக்கொண்டு ஒவ்வொன்றாக விழுந்தன. பிழைத்தவை புற்றுப் பக்கம் வந்தால் கொத்து விழுந்தது. கடைசியில் பொட்டுக்கழுத்தன் ஒன்றுதான் மிஞ்சியது.

அதுவும் செத்த அன்றுதான் வெள்ளைக் கோழிகளுக்கு அதன்மேல் பாசம் பொங்கியது. “என்ன அழகு! என்ன பெருந்தன்மை! இனிமேல் இப்படி ஒன்று பிறக்குமா!” என்று சொல்லிக்கொண்டே கழுத்து இறகுகளைப் பிடுங்கிப் பொந்தில் மாட்டின.

சாம்பியின் தாயைக் கீரி கொண்டுபோய் வெகு நாளாகியிருந்தது. அப்போதிருந்து சாம்பியை வளர்த்தது முத்துக்கொண்டை. வளர்த்தது என்றால், வால் இறகின் சாம்பல் நிறம் தெரியாதபடி தினமும் சுண்ணாம்பு மண்ணில் புரட்டியெடுத்தது. அப்பாவைப் போலக் கூவிப் பார்த்தால் தலையில் கொத்தியது. “உன்னை ஒரு கோழியாக்கத்தானேடி நான் இந்தப் பாடு படுறேன்!” என்று குறைப்பட்டுக்கொண்டது. அப்படியும் சாம்பி தாழ்ந்த கிளையின் நுனியில்தான் உட்கார வேண்டும். பக்கத்தில் யாரும் உட்காரமாட்டார்கள். மழை பெய்தால் மற்றவை ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். சாம்பி தன் சிறகையே தானே இறுக்கிக்கொள்ளும்.

காட்டுக்கோழிகளுக்கு ஒரு வழக்கம் உண்டு. இறந்தவரின் கழுத்து இறகை, அவர் பிறந்த மூங்கிலடியில் மண்ணைக் கிளறிப் போட்டு மூட வேண்டும். அதுவரை இறந்தவருக்கு உறக்கம் கிடையாது. இதைப் பொட்டுக்கழுத்தன்தான் மகளிடம் சொன்னது. “எனக்கு மண்ணு போட நீ ஒருத்திதான் இருக்கே, கண்ணு. மறந்துடாதே” என்று சொல்லிவிட்டுத்தான் கண்ணை மூடியது.

இப்போது பொந்தில் பூச்சி புகுந்துவிட்டது. பல இறகுகள் வெறும் காம்பாகிவிட்டன. பொட்டு மங்காமல் மிஞ்சியவை சில. இன்னொரு மழைக்கு அவையும் பொடியாகிவிடும். அதனால்தான் இத்தனை நாள் வாய் திறவாத சாம்பி அன்று வாயைத் திறந்தது.

தலைமைச் சேவல் பவளக்கொண்டை தொண்டையைச் செருமிக்கொண்டு முன்னால் வந்தது.

“எதற்கும் ஒரு முறை இருக்கிறது. காட்டுக்கோழியின் இறகைக் காட்டுக்கோழிக்குத்தான் கொடுக்கலாம். நீ யார்?”

“அவரோட மகள், ஐயா.”

“நான் அதைக் கேட்கவில்லை. நீ காட்டுக்கோழியா?”

“நீங்கதானே சொன்னீங்க? அன்னிக்கு மழைக்குப் பயந்து மேல்கிளைக்கு வந்தப்போ, ‘ஒரு சாம்பல் இறகு இருந்தாலும் காட்டுக்கோழிதான், இறங்கு கீழே’ன்னு!”

வரிசையில் ஏதோ ஒரு கோழிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சட்டென்று அதை விம்மலாக மாற்றிக்கொண்டது.

பவளக்கொண்டை அசரவில்லை. “அது உட்காருகிற விஷயம். இது வாங்குகிற விஷயம். வாங்குவதென்றால், ஒரு வெள்ளை இறகு இருந்தாலும் நீ காட்டுக்கோழி இல்லை!”

“உட்கார வந்தா நான் சாம்பல். கேட்டு வந்தா நான் வெள்ளையா?”

“கேட்டீங்களா பேச்சை! நம்மகிட்டப் பேசக் கத்துக்கிட்டு நம்மகிட்டயே பேசுது!” என்று மார்பில் சிறகால் அடித்துக்கொண்டது முத்துக்கொண்டை.

சாம்பி பவளக்கொண்டையையே பார்த்தது. “அப்போ ஒரு வெள்ளை இறகுகூட இல்லாம வந்தா குடுத்துடுவீங்களா, ஐயா?”

“வந்தால் கொடுக்கலாம்” என்றது பவளக்கொண்டை. சபை முழுவதும் சிரித்தது.

சாம்பி சிரிக்கவில்லை. அதுதான் அது செய்த தப்பு. அவர்கள் வாய்க்கு வந்தபடி சொன்னதை விதி என்று நம்பிவிட்டது.

நேராக மூங்கில் புதருக்குப் போனது. மார்பில் இருந்த வெள்ளை இறகை அலகால் பற்றி இழுத்தது. வலியில் உயிரே போவதுபோல் இருந்தது. தோலில் ரத்தம் பொட்டாக அரும்பியது. அடுத்ததை இழுத்தது. அவையெல்லாம் அம்மா கொடுத்த இறகுகள். “கோவிச்சுக்காதேம்மா, கோவிச்சுக்காதேம்மா” என்று ஒவ்வொன்றுக்கும் சொல்லிச் சொல்லிப் பிடுங்கியது. முதுகில் இருந்தவை அலகுக்கு எட்டவில்லை. மூங்கில் முள்ளில் முதுகைக் கொடுத்து உரசி உரசி எடுத்தது. கூட ஒருவர் இருந்திருந்தால் நொடியில் முடிகிற வேலை! யார் இருந்தார்கள்?

வெயில் சாயும் நேரத்தில் மறுபடி வேங்கை மரத்தடிக்கு வந்தது. அழுது முடித்தவர்கள் விருந்தில் இருந்தார்கள். தட்டுத் தடுமாறி நடந்து வந்த அந்தச் சாம்பல் உருவத்தைக் கண்டதும் குஞ்சுகள் அலறின.

“காட்டுக்கோழி! காட்டுக்கோழி!”

“நீங்க சொன்னபடியே வந்திருக்கேன், ஐயா” என்றது சாம்பி.

பவளக்கொண்டைக்கு வாயில் இருந்த ஈசல் இறங்கவில்லை. “காட்டுக்கோழியா? காட்டுக்கோழி இனம்தான் முடிந்துபோயிற்றே! கடைசிக் காட்டுக்கோழிக்கு அல்லவா வருஷா வருஷம் நாள் நடத்துகிறோம்! நீ காட்டுக்கோழி என்றால் நாங்கள் இவ்வளவு நாள் அழுததற்கு என்ன அர்த்தம்?”

“அதானே! துக்க நாள்னுகூடப் பார்க்காம, நான் இருக்கேன்னு வந்து நிக்குதே! கொஞ்சமாவது நாகரிகம் வேண்டாம்?” என்றது முத்துக்கொண்டை.

“இருக்கிறது என் தப்பா, பெரியம்மா?”

முத்துக்கொண்டை பதில் சொல்ல அலகைத் திறந்தது. அப்போதுதான் சாம்பியின் வெற்று மார்பைக் கண்டது. “அடிப்பாவி... அது என் தங்கச்சியோட இறகுடி...” என்றது. ஒரு கணம் குரல் நிஜமாகவே கம்மியது. அவ்வளவுதான். சபை தன்னையே பார்க்கிறது என்று தெரிந்ததும் கழுத்தை நிமிர்த்திக்கொண்டது. “பிடுங்கினதெல்லாம் எங்கே? அது எங்க வீட்டு இறகு. ஒண்ணு விடாம கொண்டாந்து குடுத்துடு!”

பவளக்கொண்டை தீர்ப்புச் சொன்னது. “காட்டுக்கோழிக்கு இந்த மரத்தடியில் இடம் இல்லை. இத்தனை நாள் கீழ்க்கிளையாவது இருந்தது. அதையும் நீயே பிடுங்கிப் போட்டுவிட்டாய். போகட்டும், மனம் தளராதே! நீ செத்த பிறகு உன் இறகையும் இதே பொந்தில் மாட்டுகிறோம். உனக்கும் நன்றாக அழுவோம்!”

சாம்பியை வேருக்கு அந்தப் பக்கம் தள்ளிவிட்டார்கள். பிறகு வட்டமாக நின்று பொட்டுக்கழுத்தனின் பெருமையைப் பாடத் தொடங்கினார்கள். பாட்டு என்னவோ நன்றாகத்தான் இருந்தது. அந்தக் கழுத்தின் அழகு, அந்தக் குரலின் கம்பீரம், அந்தப் பெரிய மனசு எல்லாம் அதில் வந்தன. மகள் மட்டும் வரவில்லை.

காற்று குளிர்ந்தது. பிடுங்கிய இடமெல்லாம் எரிந்தது. சாம்பி வேரின் மேல் கழுத்தை நீட்டிக் கேட்டது.

“எல்லாம் வேண்டாம். பூச்சி தின்னது போக ஒண்ணே ஒண்ணு குடுங்க. அலகுல தரவேண்டாம், தூக்கிப் போட்டாக்கூடப் போதும், பொறுக்கிக்கிறேன். யாராவது ஒருத்தர் போடுங்களேன்!”

யாரும் திரும்பிப் பார்க்கவில்லை.

நீதி: செத்தவனுக்குத் தோரணம் கட்டிவிட்டு உயிரோடு இருக்கும் அவன் மகளை வெளியே நிறுத்துகிறவர்கள் அழுவது அவனுக்காக அல்ல, தங்களை நல்லவர்கள் என்று தாங்களே நம்புவதற்காகத்தான்.