கடைசித் தட்டு

“உஸ்தாத், இன்னைக்குப் பயிற்சி ஓட்டத்துல என் அணிதானே முதல்ல வந்துச்சு? அப்புறம் எதுக்கு எனக்கு முட்டை மார்க் போட்டீங்க?”

செல்வினைப் போல ராணுவ அதிகாரியாகப் பயிற்சி பெறுகிறவர்கள் பயிற்சியாளரை உஸ்தாத் என்றுதான் கூப்பிட வேண்டும். உஸ்தாத் பொன்னுரங்கம் சாப்பாட்டுக் கூடத்தில் பருப்பு அண்டாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார்.

“பாலம் வழியாச் சுத்தாம எப்படி வந்தீங்க, சார்?”

நாளைக்கு அதிகாரி ஆகப்போகிறவன் என்பதால் செல்வினை அவரும் சார் என்பார். அது மரியாதையா கிண்டலா என்று அவனுக்கு இன்றுவரை பிடிபடவில்லை.

“காட்டாத்துல இறங்கிட்டோம்.”

“வெள்ளம் போகுதே.”

“கழுத்தளவுதான். ஒருத்தன் கொஞ்சம் தண்ணி குடிச்சுட்டான். யாரும் சாகலையே, உஸ்தாத்.”

அவர் கரண்டியை எடுத்து நீட்டினார்.

“பரிமாறுங்க. உங்க ஆளுங்க எல்லாரும் சாப்பிட்ட பிறகு நீங்க சாப்பிடலாம்.”

அது அங்கே வழக்கம்தான். தலைவன் கடைசியாகத்தான் தட்டைத் தொட வேண்டும். காலையிலிருந்து செல்வின் வயிற்றுக்குள் ஒரு பருக்கை போகவில்லை. ஈரக் காலுறையைக்கூடக் கழற்றாமல் அவசர அவசரமாகப் பரிமாறினான். அணி சாப்பிட்டுக் கலைந்தது.

தனக்கு ஒரு தட்டை எடுத்தான்.

“எல்லாரும் ஆச்சா?”

“ஆச்சு, உஸ்தாத்.”

“வாசலைப் பாருங்க.”

வாசலில் ஒருவன் தட்டோடு நின்றான். தலையிலிருந்து கால்வரை நனைந்திருந்தான். வெளியே மழை இல்லை.

செல்வின் பரிமாறினான். அவன் பின்னால் இன்னொருவன். அவனுக்கும் பின்னால் இன்னொருவன். ஒன்றுகூடத் தெரிந்த முகம் இல்லை. எல்லார் சட்டையிலிருந்தும் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது. தரை மட்டும் காய்ந்தே கிடந்தது.

அள்ள அள்ள அண்டாவில் பருப்பு குறையவில்லை.

“இவங்க நம்ம முகாம் ஆளுங்க இல்லையே. யாரு உஸ்தாத் இவங்க?”

“உங்களை என்னன்னு கூப்பிடறாங்க, கேளுங்க.”

அடுத்தவன் தட்டை நீட்டினான். உதடு நீலம் பாரித்திருந்தது.

“போதும், மேஜர் சார்.”

பருப்பு செல்வினின் கையில் சிந்தியது. சூடே இல்லை.

“நான் இன்னும் ஒண்ணும் ஆகலையே, உஸ்தாத்.”

“ஆவீங்க. கெட்டிக்காரர்தானே.”

வரிசை வாசலைத் தாண்டி மூடுபனிக்குள் போயிருந்தது. முடிவு தெரியவில்லை. ஒருவரும் முணுமுணுக்கவில்லை, முறைக்கவில்லை. தட்டோடு அவனையே பார்த்தபடி பொறுமையாக நின்றார்கள்.

பசி எங்கே போனதென்று தெரியவில்லை.

“இன்னும் எத்தனை பேர், உஸ்தாத்?”

“அதை நீங்கதான் சொல்லணும், சார்.”