ஓகே சொல்லாத டீச்சர்

நூற்று இருபது படங்களில் நடித்த தேவமனோகருக்கு ஐம்பத்தெட்டாம் வயதில் ஓவியப் பைத்தியம் பிடித்தது. இனிமேல் நடிக்கப்போவதில்லை என்று எல்லோரிடமும் சொல்லிவிட்டு, பெரம்பூரில் ஒரு மொட்டைமாடி அறையில் வகுப்பு நடத்திவந்த அமலோற்பவத்திடம் போய்ச் சேர்ந்தார். ஆசிரியை அவரைவிடப் பதினைந்து வயது இளையவர். சினிமா பார்க்கும் வழக்கம் இல்லாதவர்.

மூன்று வருடம் ஓடிவிட்டது. கை நன்றாகவே படிந்துவிட்டது. ஒரு பழக்கம் மட்டும் மனுஷனை விட்டுப் போகவில்லை. ஷாட் முடிந்ததும் நடிகன் தலையைத் தூக்கி டைரக்டரின் முகத்தைப் பார்ப்பான். அங்கிருந்து ‘ஓகே’ வந்தால்தான் அவனுக்கு மூச்சு வரும். தேவமனோகர் ஒரு கோடு போட்டாலே தலையைத் தூக்கினார். கிளைக்கு ஒரு பார்வை, இலைக்கு ஒரு பார்வை.

அமலோற்பவம் பிரஷ் பிடிக்கக் கற்றுக்கொடுத்தார், வண்ணம் கலக்கக் கற்றுக்கொடுத்தார். படம் எப்படி இருக்கிறது என்று மட்டும் ஒருநாளும் சொன்னதில்லை.

வெள்ளிக்கிழமை தேவமனோகரின் முதல் கண்காட்சி. திங்கட்கிழமை காலையில், நடுச்சுவரில் மாட்டவேண்டிய படத்தைத் தூக்கிக்கொண்டு மாடியேறி வந்தார். முப்பது வருடம் அவருக்கு மேக்கப் போட்ட பக்கிரிசாமியின் முகம் அது. ஸ்டாண்டில் வைத்துவிட்டு டீச்சரைப் பார்த்தார்.

அமலோற்பவம் படத்தை நன்றாகப் பார்த்தார். பிறகு ஸ்டூலைத் திருப்பிப் போட்டு, அவருக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து, பிரஷ்களைக் கழுவ ஆரம்பித்தார்.

தேவமனோகருக்குக் கோபம் பொத்துக்கொண்டு வந்தது. வீட்டுக்கு வருகிறவன் எல்லாம் பிரமாதம் என்கிறான், தலைகீழாக மாட்டினாலும் பிரமாதம் என்பான். வெள்ளிக்கிழமை வருகிற கூட்டம் படத்தைப் பார்க்கவா வருகிறது, என்னோடு போட்டோ எடுத்துக்கொள்ள வருகிறது. நான் ஓவியனா, பொழுதுபோகாத நடிகனா என்று யாரைத்தான் கேட்பது? உண்மை பேசுகிற ஒரே ஆள் நீங்கள், நீங்களும் வாயில் கொழுக்கட்டையை வைத்துக்கொண்டால் நான் எங்கே போவேன் என்று கொட்டித் தீர்த்தார்.

“ஒரே ஒரு வார்த்தை. அதுல என்ன கொறைஞ்சிடப் போகுது டீச்சர்?”

அமலோற்பவத்துக்கும் அலுத்துத்தான் போயிருந்தது. திரும்பாமலே கேட்டார்.

“டைரக்டர் ஓகே சொன்னப்புறம், இன்னொரு டேக் போகலாம்னு நீங்களா கேட்டிருக்கீங்களா சார்?”

ஒரே ஒருமுறை கேட்டிருந்தார். மகனின் பிணத்துக்கு முன்னால் உட்கார்ந்து அழும் காட்சி. டைரக்டர் ஓகே சொல்லிவிட்டார், லைட்மேன்கள்கூடக் கைதட்டினார்கள், யூனிட் சாப்பாட்டுக்குக் கலைந்தது. இவர் மட்டும் இடத்தைவிட்டு எழமாட்டேன் என்று அடம்பிடித்தார். தயாரிப்பாளர் தலையில் அடித்துக்கொண்டார். இதையெல்லாம் அவர் சொல்லி முடிக்கும்வரை பிரஷ் கழுவும் வேலையும் நடந்துகொண்டிருந்தது.

“எதுக்கு இன்னொரு டேக்?”

“அழுகை சரியா வந்துச்சு. கைதான் பொய். சட்டை கசங்காம பார்த்துக்கிட்டு இருந்துச்சு.”

“யாரு சொன்னாங்க?”

“யாரு சொல்லணும்? எனக்குத் தெரியாதா?” என்று எரிந்து விழுந்தார்.

“சரி. இதுல எது பொய்?”

வழக்கம்போல அவர் டீச்சரின் முகத்தைத் தேடினார். முதுகுதான் இருந்தது. வேறு வழியில்லாமல் படத்தைப் பார்த்தார். நெற்றி, மூக்கு, சிரிப்பு எல்லாம் அழகாகத்தான் இருந்தன. யாரும் குறை சொல்லமாட்டார்கள். பார்க்கப் பார்க்க அவருக்கு வெட்கமாக இருந்தது.

“முகம்தான்” என்றார் கடைசியில். “முப்பது வருஷம், தினமும் காலைல என் மூஞ்சிக்கு நேரா நிப்பாரு. நான் கண்ணை மூடிட்டு உட்கார்ந்திருப்பேன். வேலை முடிஞ்சதும் கண்ணைத் திறந்து கண்ணாடில என்னைப் பார்ப்பேன். அவரை ஒருநாளும் சரியா பார்த்ததில்ல. இது நானா போட்டுக்கிட்ட முகம்.”

அமலோற்பவம் இப்போதுதான் திரும்பினார்.

“உயிரோட இருக்காரா?”

“இருக்காரு. செய்யாறுல, மக வீட்டுல.”

“அப்ப இங்க என்ன சார் பண்றீங்க?”