மாதா சுமந்த இரும்பு வளையம்

பீப்பாய் கழுவுவதுதான் அனெஸ்திஸ் அவர்களின் பிழைப்பு. கிரேக்க நாட்டுத் துறைமுக ஊர் ஒன்றில், எண்ணெய்ப் பிசுக்கேறிய பீப்பாய்களை வெந்நீர் ஊற்றித் தேய்த்துவிட்டு, கை வாடை போகுமுன்னே மாதா கோவிலுக்கு ஓடுவார். விளக்கேற்றுவார். தம் தோல்பந்தை மாதா படத்தின் காலடியில் வைத்து எடுப்பார். அதன் பிறகே ஆட்டம்.

துருக்கிக் கரையிலிருந்த ஸ்மிர்னா நகரம் தீக்கிரையானபோது வீடு, உற்றார் அனைத்தையும் இழந்து அகதியாய்க் கரை சேர்ந்தவர் அவர். மிஞ்சியவை மாதா பக்தியும், அங்கே கற்ற கூடைப்பந்தும்தான். இங்கே அப்படி ஓர் ஆட்டம் இருப்பதே எவருக்கும் தெரியாது. கோவிலை ஒட்டிய பொட்டலில் கம்பம் நட்டு, உடைந்த பீப்பாயின் இரும்பு வளையத்தை அதில் அறைந்து, மூட்டை தூக்கும் அகதிகளைக் கூட்டி அணி சேர்த்தார். தாமும் ஆடினார், மற்றவர்களையும் பழக்கினார்.

ஊர்ப் பெரிய மனிதர்கள் வாய் சும்மா இருக்குமா? "துருக்கிக்குப் பொறந்ததுங்க" என்றார்கள். சொந்த மண்ணை இழந்து வந்தவரைப் பார்த்துச் சொல்லுகிற சொல்லா இது? நாக்கு கூசவில்லையே! மாதாவின் அடியாரான அனெஸ்திஸ் எப்போதும்போல விளக்கேற்றினார்.

நாளடைவில் ஆட்டம் ஊரில் பரவி, பணக்காரர்களின் விளையாட்டுக் கழகமும் ஓர் அணி சேர்த்தது. அதன் தலைவர் மெலெத்திஸின் அணியை ஒருநாள் இந்த மூட்டைதூக்கிகள் தோற்கடித்துவிட்டார்கள். அதுதான் குற்றம். மறு வாரமே அவர் செல்வாக்கைக் காட்டிப் பொட்டலுக்கு வேலி அடைத்துப் பூட்டினார். வளையத்தைப் பிடுங்கித் தெருவில் வீசினார்.

"வேற எங்கயாவது போயி ஆடலாம்ணே" என்றார் அணித் தோழர் கோஸ்மாஸ்.

"மாதா இங்கதானப்பா இருக்காங்க" என்றார் அடியார்.

அந்த ஊரில் ஒரு வழக்கம். கால் நோவென்றால் வெள்ளித் தகட்டில் கால் செய்து, கண் நோவென்றால் கண் செய்து, மாதா படத்தில் தொங்கவிடுவார்கள். அடியாருக்கு நோவு வேறென்ன? அந்த வளையத்தையே துடைத்துக் கொண்டுபோய்த் தொங்கவிட்டார்.

மாதா திருநாள் வந்தது; படத்தைச் சப்பரத்தில் ஏற்றினார்கள். சப்பரத்தின் முன்கம்பைப் பிடிக்க வந்த மெலெத்திஸின் கண்ணில் அந்த வளையம் பட்டது.

"வெள்ளிக்கு நடுவுல எவன்டா இந்தத் துருவை மாட்டினது? கழட்டி எறி!"

எறிந்தார்கள். அடியார் அதை எடுத்து மார்போடு அணைத்துக்கொண்டார். எல்லாம் பொறுத்தவருக்கு அன்றுதான் கண் கலங்கியது. கேட்கிற நமக்கே வயிறு எரிகிறது, பெற்றவளுக்கு எரியாதா?

பூட்டிய வேலிக் கதவருகே வந்ததும் சப்பரம் நின்றுவிட்டது. தோள் மாற்றிப் பார்த்தார்கள், ஆள் கூட்டிப் பார்த்தார்கள். ம்ஹூம், அசையவில்லை. மெலெத்திஸுக்கு வியர்த்துக் கொட்டியது.

"அண்ணே, அந்த வளையத்தைக் கொண்டாங்க!" என்று கத்தினார் கோஸ்மாஸ்.

கூட்டத்தின் வாலில் நின்ற அனெஸ்திஸ் முன்னே வந்தார். வளையத்தை மாதா படத்தில் மாட்டிவிட்டுக் கம்புக்குத் தோள் கொடுத்தார். சப்பரம் பூக்கூடை மாதிரி எழுந்தது. எழுந்து, தெருவழி போகாமல் வேலிக் கதவுக்கே முகம் திருப்பிற்று.

"தெறங்கய்யா!" என்று ஊரே இரைந்தது. சாவி மெலெத்திஸின் இடுப்பில்தான் இருந்தது. தம் கையாலேயே திறந்தார்.

மாதா பொட்டலுக்குள் எழுந்தருளி வெறுங்கம்பத்தின் கீழ் நின்றாள். அடியார் வழக்கம்போலப் பந்தை அவள் காலடியில் வைத்து எடுத்தார். துரு என்று எறிந்ததைத் தன் மார்பில் சுமந்து வந்தாளே தாய், அவள் மனம் இரங்கிய அந்தப் பீப்பாய்க்காரரின் அடிகளுக்கு நம் வணக்கம்.