வாய் நிறைய நீலப்பழம்

அந்தக் காலத்தில், இன்று நாம் அமெரிக்கா என்று சொல்கிற நாட்டின் வடக்குக் காடுகளில், பேசத் தெரியாத பிராணி என்று ஒன்றுகூடக் கிடையாது. அணில் பேசும், ஆமை பேசும், பிறக்காத பிள்ளைகூடப் பேசும்.

பிறக்காத பிள்ளை பேசுவதற்கு மட்டும் ஒரு முறை இருந்தது. கல்யாணமாகி மூன்றாம் நாள், கடுகில் பாதிகூட இல்லாத அந்த உயிர்கள் தாயின் வயிற்றுக்குள் மிதந்துகொண்டே, "அம்மா, வரட்டுமா?" என்று கேட்கும். "வா" என்று தாய் சொன்னால் போதும், சட்டென்று வயிற்றுக்குள் ஒட்டிக்கொண்டு வளரத் தொடங்கிவிடும். "வராதே" என்றால் சத்தமில்லாமல் கரைந்துவிடும். தாய் வேறு எதைச் சொன்னாலும், அட, தும்மிவிட்டு "ஐயோ" என்றாலும், அதை "வா" என்றே எடுத்துக்கொள்ளும். அவ்வளவு ஆசை அவற்றுக்கு!

மான், "வாடா என் கண்ணே..." என்று இழுத்து இழுத்துச் சொல்லும். முயலுக்கு அந்தப் பொறுமை இல்லை. பிள்ளைகள் கேட்பதற்கு முன்பே, "வா வா வா வா, எல்லாரும் வா, எத்தனை பேரு? சரி வா!" என்று கொட்டிவிடும்.

கரடிகளும் அப்படித்தான் சொல்லிக்கொண்டிருந்தன. அதில்தான் வந்தது வினை. கரடிக்குக் கோடையில் கல்யாணம். உடனே "வா" என்றால், பனிக்கு முன்னால் ஓக் மரத்துக் கொட்டை உதிரும் பருவத்தில் பிள்ளை பிறக்கும். ஓக் கொட்டைப் பருவத்தில் கரடி பகல் இரவு பாராமல் தின்ன வேண்டும். தின்று கொழுப்பு ஏற்றினால்தான் பனிக்காலம் முழுக்கப் பட்டினியாகத் தூங்க முடியும்.

மையழகி என்ற கருங்கரடி, போன வருஷம் "வாங்கடி என் தங்கங்களா" என்று துள்ளிக் குதித்துச் சொன்னவள்தான். இரண்டு பெண் குட்டிகள். கொட்டைகள் பொலபொலவென்று உதிர்ந்துகொண்டிருந்தபோது அவள் பொந்துக்குள் பால் கொடுத்துக்கொண்டு கிடந்தாள். கொட்டையெல்லாம் அணில்களுக்குப் போயிற்று. எலும்பும் தோலுமாகக் குகைக்குள் போனாள். பாதிப் பனிக்காலத்தில் பால் வற்றியது. வசந்தத்தில் குகையை விட்டு வெளியே வந்தது மையழகி மட்டும்.

அதனால் இந்த வருஷம் கல்யாணமே வேண்டாம் என்று முடிவு பண்ணியிருந்தாள். அந்த முடிவோடு நிம்மதியாக எறும்புப் புற்றை நக்கிக்கொண்டிருந்தபோதுதான் மலைத்தோளன் வந்தான். வந்தவன் நேராகப் போய் ஒரு பைன் மரத்தில் முதுகைச் சர்சர்ரென்று தேய்த்தான். பிறகு எக்கி, எட்டும் மட்டும் எட்டி, மரப்பட்டையைக் கடித்து அடையாளம் வைத்தான்.

"இங்க பாரு புள்ள," என்றான், அடிவயிற்றிலிருந்து. "இவ்வளவு உயரத்துல எவனாவது கடிச்சிருக்கானா?"

"பாறை மேல ஏறி நின்னு கடிச்சா நானும்தான் கடிப்பேன்," என்றாள் மையழகி.

மலைத்தோளன் காலுக்குக் கீழே இருந்த பாறையைப் பார்த்தான். மெதுவாக இறங்கிக்கொண்டான்.

ஆனாலும் போகவில்லை. ஆறு நாள் பின்னாலேயே நடந்தான். அவள் நின்றால் நின்றான். அவள் திரும்பிப் பார்த்தால், பூவைப் பார்ப்பதுபோல் பார்த்தான். அங்கே பூவே இருக்காது.

ஏழாம் நாள் அவளுக்கே பொறுக்கவில்லை. "யோவ், கால் வலிக்கலையா உனக்கு?"

"வலிக்குது."

"அப்புறம் எதுக்கு வர்றே?"

"வலிச்சா வலிக்கட்டும்னுதான்."

மையழகிக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்த பிறகு கரடிகளுக்குள் பேச்சு எதற்கு? இரண்டு பேரும் ஓடையில் உருண்டார்கள், ஒருவர் கழுத்தை ஒருவர் செல்லமாகக் கடித்தார்கள். கல்யாணம் முடிந்தது.

மூன்றாம் நாள் காலை. நீலப்பழப் புதர்கள் பழுத்துத் தொங்கிக்கொண்டிருந்தன. மையழகி கொத்துக் கொத்தாக உருவி வாயில் அடைத்துக்கொண்டிருந்தபோது வயிற்றுக்குள்ளிருந்து கீச்சென்று மூன்று குரல்கள்.

"அம்மா, வரட்டுமா?"

மையழகி கல்யாண மயக்கத்தில் இதை மறந்தே போயிருந்தாள். "வா" என்றால் போன வருஷம் நடந்ததுதான் மறுபடியும் நடக்கும். "வராதே" என்று சொல்ல நாக்கு வளையுமா? மூன்று குரல்களையும் கேட்டுவிட்டாளே! என்ன சொல்வது என்று தெரியாமல், வாய் நிறையப் பழத்தோடு மென்றபடியே நின்றாள்.

"என்ன சொல்றா?" என்றது அவசரக் குரல்.

"ஒண்ணும் சொல்லல. மெல்லுறா," என்றது அழுமூஞ்சிக் குரல்.

"வாயில வெச்சிட்டு யாராவது பேசுவாங்களா? முழுங்கட்டும், இருங்க," என்றது நிதானக் குரல்.

மூன்றும் காத்திருந்தன.

மையழகியின் காதுகள் நிமிர்ந்தன. பழத்தைப் பாதி விழுங்கினாள். காலியான இடத்தில் அடுத்த கொத்தை அடைத்தாள்.

"இன்னும் முழுங்கலையா?"

"இல்லையாம். இரு."

வாய் காலியாகாத வரைக்கும் பதில் சொல்ல வேண்டியதில்லை! காடு உண்டான நாளிலிருந்து எந்தத் தாய்க்கும் தோன்றாத விஷயம். தோன்றுவதற்கு எந்தத் தாயும் அந்த நேரத்தில் தின்றுகொண்டு நின்றதில்லை, மையழகியைத் தவிர.

மலைத்தோளன் ஆசையாக ஓடி வந்தான். "என்ன சேதி? கேட்டுச்சுங்களா? என்ன சொன்னே?"

மையழகி ஒரு கையால் வாயைக் காட்டினாள், வயிற்றைக் காட்டினாள், புதரைக் காட்டினாள், தூரத்தில் இருந்த வெள்ளை மலையைக் காட்டினாள். அவன் தலையைச் சொறிந்தான். அவள் மறுபடியும் காட்டினாள். மறுபடியும் சொறிந்தான். மூன்றாம் முறை அவன் முகம் மெல்ல மலர்ந்தது.

"பனி விழற வரைக்கும் மென்னுக்கிட்டே இருக்கப் போறியா? அட கெட்டிக்காரி!" பிறகு புதரைப் பார்த்தான். தன் வயிற்றையும் பார்த்தான். "ரெண்டு வாய் ஒரே புதர்ல மேஞ்சா உனக்குக் காணாது. நான் பக்கத்து மலைக்குப் போயிடறேன். உன் பங்குல கை வைக்க மாட்டேன் புள்ள." போகிற வழியில் பைன் மரத்தில் ஒருமுறை முதுகைத் தேய்த்தான். இந்த முறை பாறைமேல் ஏறவில்லை.

அவள் மென்றாள். பழம் தீர்ந்தால் புழு, புழு தீர்ந்தால் எறும்பு, எறும்பு தீர்ந்தால் கிழங்கு. தூங்கும்போதுகூடக் கன்னத்தில் ஒரு வேரை அடக்கிக்கொண்டாள். உள்ளே மூன்றும் ஒட்டாமல், வளராமல், மிதந்தபடி காத்திருந்தன.

இந்தச் சங்கதி அண்டங்காக்கைக்குத் தெரிந்துபோயிற்று. அதற்குச் சும்மா இருந்தால் அலகு அரிக்கும். அடுத்தவர் குரலில் பேசுவதில் அதற்கு ஈடு யாரும் இல்லை.

"உன்னை வாயைத் திறந்து பேச வைக்கலேன்னா நான் அண்டங்காக்கை இல்ல," என்று சவால் விட்டது. முதலில் மலைத்தோளன் குரலில் கூப்பிட்டது: "ஏ புள்ள, கால் வலிக்குது!" மையழகிக்குச் சிரிப்பில் தோள் குலுங்கியது. வாய் திறக்கவில்லை. பிறகு அணில் குரலில், "கரடியம்மா கரடியம்மா, உங்க பின்புறம் பெருத்துக்கிட்டே போகுது, தெரியுமா?" என்றது. அவளுக்கு அதில் சந்தோஷம்தான். இன்னும் நாலு கொட்டையை அள்ளிப் போட்டுக்கொண்டாள்.

ஓக் கொட்டை மழைபோல் உதிர்ந்துகொண்டிருந்த ஒரு மத்தியானம், அண்டங்காக்கை அவளுக்குப் பின்னால் இருந்த மரப்பொந்துக்குள் இறங்கி, கரடிக்குட்டியின் குரலில் முனகியது.

"அம்மா... பசிக்குதும்மா... பால் இல்லையாம்மா?"

மையழகி திரும்பினாள். போன வருஷக் குரல். வாய் தானாகத் திறந்துகொண்டது. மென்றது எல்லாம் மண்ணில் விழுந்தது. "வந்துட்டேன்" என்ற சொல் நாக்கின் நுனிவரை வந்துவிட்டது.

"முழுங்கியாச்சு போல!" என்று உள்ளே அவசரக் குரல் துள்ளியது. "சொல்லப் போறா!"

மையழகி தலையைக் குனிந்து, தரையில் கிடந்த சருகையும் மண்ணையும் சேர்த்து வாய்கொள்ளாமல் கவ்வினாள். கவ்வியபடியே நின்றாள். கண்ணிலிருந்து நீர் மட்டும் மூக்கின்மேல் வழிந்து சருகில் சொட்டியது.

அண்டங்காக்கை பொந்திலிருந்து வெளியே வந்தது. அதற்குச் சொந்தக் குரலே மறந்துவிட்டாற்போல் இருந்தது. இறக்கையைச் சரிசெய்தது. கிளையில் இரண்டு அடி அந்தப் பக்கம் நடந்தது, இந்தப் பக்கம் நடந்தது.

"போன வருஷம் நடந்தது எனக்குத் தெரியாது," என்றது கரகரவென்று. "தெரிஞ்சிருந்தா பண்ணியிருக்க மாட்டேன். மண்ணைத் துப்பாதே, அப்படியே என் பின்னால வா. ஓடைக்கு அந்தப் பக்கம் ஒரு மரம் இருக்கு. அணிலுக்கு இன்னும் தெரியாது."

அந்த மரத்தடியில் முழங்கால் ஆழத்துக்குக் கொட்டை கிடந்தது.

முதல் பனி விழுந்தபோது மையழகியால் ஓட முடியவில்லை, அவ்வளவு பருமன். விழுந்த மரத்தின் வேருக்கு அடியில் புகுந்து சுருண்டு படுத்தாள். கடைசிக் கொட்டையை மென்று விழுங்கினாள். வாய் காலி.

"முழுங்கியாச்சாம்மா?" உள்ளே மூன்றும் மெதுவாகக் கேட்டன. "வரட்டுமா?"

மையழகி தன் விலாவைத் தடவிப் பார்த்தாள். விரலுக்கு எலும்பே தட்டுப்படவில்லை. கொட்டாவி விட்டுக்கொண்டே சொன்னாள்:

"வாங்க."

நடுப்பனிக்காலத்தில், அரைத் தூக்கத்தில், அணில் அளவுக்கு மூன்று குட்டிகள் பிறந்தன. தின்பதற்கு எங்கேயும் போக வேண்டியிருக்கவில்லை. எல்லாம் ஏற்கெனவே அவள் தோலுக்கு அடியில் இருந்தது. பால் கெட்டியாகச் சுரந்தது. பனிமேல் உட்கார்ந்திருந்த அண்டங்காக்கையின் காதில், கீழே தேன்கூடு இரைவதுபோல ஒரு சத்தம் விழுந்தது. குட்டிகள் பால் குடிக்கிற சத்தம். அந்தக் குரலை மட்டும் அது யாரிடமும் பேசிக் காட்டவில்லை.

வசந்தத்தில் அந்த வேரடியிலிருந்து மையழகி வந்தாள். அவளுக்குப் பின்னால் ஒன்று வந்தது, இரண்டு வந்தது, ஒரு வால் கடிபட்ட சண்டை முடிந்து மூன்றாவதும் வந்தது.

சேதி காடெல்லாம் பரவி, எல்லாத் தாய்க்கரடிகளும் அப்படியே செய்யத் தொடங்கின. கொட்டை காய்க்காத வருஷத்தில், மெலிந்துபோய்ப் படுத்த தாய் "இப்ப வேண்டாம் கண்ணுங்களா" என்று சொல்ல நினைப்பாள். அவள் சொல்வதற்குள் பிள்ளைகளே புரிந்துகொண்டு கரைந்துவிடும். அடுத்த கோடையில் மறுபடியும் வந்து கேட்கும்.

அன்று முதல்தான் கருங்கரடிகள் கோடையில் கல்யாணம் பண்ணிக்கொண்டு, பிள்ளைக்குச் சொல்ல வேண்டிய பதிலைப் பனி விழும்வரை கன்னத்தில் அடக்கி வைக்கின்றன.