பூரணம் போட்ட மடிப்பு

அந்த மலை மடத்துக்குள் மேகம் சொந்த வீடு மாதிரி வந்து போகும். கிழக்கு ஜன்னலில் நுழையும், விளக்கருகே கொஞ்ச நேரம் நிற்கும், மேற்கு ஜன்னலில் வெளியேறும். அந்த நேரத்தில் எதிரே உட்கார்ந்திருப்பவர் முகம் தெரியாது. யாரிடம் பேசிக்கொண்டிருக்கிறோம் என்பதே சில சமயம் மறந்துபோகும்.

மடத்தை ஒட்டித்தான் மலைப்பாதை இறங்குகிறது. மேகம் மூடிவிட்டால் ஜீப்புக்காரர்கள் வளைவுக்கு வளைவு ஹாரன் அடித்துக்கொண்டே போவார்கள். வண்டி கண்ணுக்குத் தெரியாவிட்டால் என்ன, எத்தனையாவது வளைவில் போகிறது என்று மடத்தில் உட்கார்ந்தபடியே சொல்லிவிடலாம்.

மடத்தின் குருவை எல்லோரும் அம்மா என்றுதான் கூப்பிடுவார்கள். வயது நாற்பதுகூட இருக்காது. சீடர் திருவேங்கடத்துக்கு அறுபத்தைந்து. கீழே ஊரில் முப்பது வருஷம் தபால் கொடுத்து நடந்து ஓய்ந்தவர். தன் மகள் வயதுப் பெண்ணை அம்மா என்று கூப்பிட முதல் நாள் மட்டும் கூச்சப்பட்டார்.

மடத்தில் ஒரு வழக்கம் உண்டு. வந்து சேருகிறவர் தன் துணியையெல்லாம் பொதுவில் போட்டுவிட வேண்டும். கிழிந்தால் ஒட்டுப் போடுவார்கள். ஒட்டும் தாங்காதபோது அது போர்வைக்கு உள்ளே போகும். அதற்கும் ஆகாவிட்டால் கரித்துணி. கடைசியில் விளக்குத் திரி. திருவேங்கடத்தின் காக்கிச் சட்டை இப்போது யாரோ ஒருவருடைய தலைக்கு அடியில் தலையணையாக இருக்கிறது.

ஒட்டுப் போடும் வேலை அவருக்குத்தான். தையல் போட்ட இடம் தெரியாது, அவ்வளவு சுத்தம். அடுத்தவர் துணியை வெட்ட மனிதருக்குக் கை கூசவே கூசாது.

ஒன்றை மட்டும் அவர் பொதுவில் போடவில்லை. தகரப் பெட்டிக்குள் மனைவி பூரணத்தின் அரக்கு நிறச் சுங்குடிச் சேலை இருந்தது. ஆறு வருஷத்துக்கு முன்னால் ஒரு செவ்வாய்க்கிழமை பூரணம் அதற்குக் கஞ்சி போட்டுக் காயவைத்து, கையால் நீவி நீவி மடித்து வைத்தாள். வியாழக்கிழமை அவள் இல்லை. சேலை அப்படியே இருக்கிறது. அவர் அதை ஒரு நாளும் பிரித்ததில்லை. அந்த மடிப்பு அவள் கையால் விழுந்தது. பிரித்துவிட்டால் திரும்ப யார் மடிப்பது?

அம்மாவுக்கு இது தெரியும். கொண்டு வா என்று ஒரு வார்த்தை சொன்னதில்லை.

தினமும் காலையில் திருவேங்கடம் ஒரே கேள்வியைக் கேட்பார்.

"பூரணம் இப்போ எங்கேம்மா இருக்கா?"

அம்மா பதில் சொல்லமாட்டார். கிழிந்த துணி ஒன்றை எடுத்து நீட்டுவார். இவரும் முணுமுணுத்துக்கொண்டே ஊசி கோப்பார். இப்படியே இரண்டு வருஷம் போயிற்று.

ஐப்பசியில் மழை பிடித்துக்கொண்டது. ஒரு நாள் காலை, மேலே தேயிலைத் தோட்டத்திலிருந்து பிரசவத்துக்காகக் கீழே கிளம்பிய ஜீப் ஒன்று பாதையில் மண் சரிந்து கிடந்ததால் மடத்து வாசலுக்கே திரும்பி வந்தது. உள்ளே வலியோடு முத்துப்பேச்சி. அவளைத் தாங்கிப் பிடித்தபடி மாமியார் சுருளியம்மாள். சுருளியம்மாள் நாலைந்து பிரசவம் பார்த்த கை. உச்சிப்பொழுதுக்குள் பெண் குழந்தை பிறந்துவிட்டது.

மடத்தில் பக்தர் யாரோ கொடுத்த புதுத் துண்டுகள் ஒரு கட்டு இருந்தன. திருவேங்கடம் ஓடிப்போய் எடுத்து வந்தார். சுருளியம்மாள் அவரை மேலும் கீழும் பார்த்தாள்.

"பச்சப்புள்ளைக்குக் கோடித் துணியா? நல்லா இருக்கே உங்க ஞாயம்."

பிறந்த குழந்தைக்குப் பழந்துணிதான் வேண்டுமாம். நல்லபடியாக வாழ்ந்தவர் உடுத்தி, துவைத்துத் துவைத்து நைந்த துணி. அம்மா தன் மேல்துணியை எடுத்து இரண்டாகக் கிழித்துக் கொடுத்தார்.

இரண்டு துண்டு எந்த மூலைக்கு? குழந்தை நாழிகைக்கு ஒரு தரம் நனைத்தது. மடத்துப் பழந்துணியெல்லாம் கொடியில் ஈரமாகத் தொங்கியது. மேகம் வந்து தடவிவிட்டுப் போகிற இடத்தில் எது காயும்? அடுப்பங்கரையில் பிடித்துக் காயவைத்த துணியும் அறைக்குக் கொண்டு வருவதற்குள் நமுத்தது. மூன்றாம் நாள் குழந்தைக்குச் சளி கட்டிக்கொண்டது. அது இழுத்து இழுத்து மூச்சு விடுவதைக் கேட்டு முத்துப்பேச்சி அழ ஆரம்பித்தாள்.

திருவேங்கடத்தால் அதைக் கேட்டுக்கொண்டு இருக்க முடியவில்லை. பெட்டியைத் திறந்தார். ஆனால் உள்ளுக்குள் ஒரு கணக்கும் போட்டுக்கொண்டார். இடுப்புத் துணிக்குக் கொடுத்தால் சேலையைக் கிழிக்க வேண்டும். தூளி கட்டினால் முழுதாக இருக்கும். குழந்தையும் ஈரத் தரையை விட்டு மேலே காய்ந்த துணியில் தூங்கும். பாதை திறந்ததும் அதே மடிப்பில் மடித்து வைத்துவிடலாம்.

சேலையைப் பிரித்தபோது மொறமொறவென்று சத்தம் வந்தது. ஆறு வருஷத்துக் கஞ்சி வாசனை எழுந்தது. அவர் கண்ணை மூடிக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றார்.

உத்தரத்தில் தூளி கட்டியாயிற்று. மேகத்துக்கு நடுவே அரக்கு நிறத்தில் அது தனியாக மிதந்தது. சுருளியம்மாளுக்கு ஒரே சந்தோஷம், மகராசன் நல்லா இருக்கணும் என்றாள். முத்துப்பேச்சி குழந்தையோடு வந்தாள்.

அம்மா கையைக் காட்டி நிறுத்தினார். அம்மிக் குழவியை எடுத்து வரச் சொன்னார்.

புதுத் தூளியில் முதலில் குழவியைப் போட்டு ஆட்டுவது அவர்கள் பக்கத்து வழக்கம். இதைப் போய் மறந்தேனே என்று சுருளியம்மாள் தன் தலையில் தட்டிக்கொண்டாள். குழவியை அவளே கொண்டு வந்து கிடத்தினாள். ஒரு ஆட்டு ஆட்டினாள். இன்னொரு ஆட்டு.

சரக்கென்று மடிப்பு நெடுகச் சேலை கிழிந்தது. குழவி விழுந்து தரை ஓடு ஒன்று விரிசல் விட்டது.

முத்துப்பேச்சி குழந்தையை இறுக்கி அணைத்துக்கொண்டு சுவர் வரை பின்னால் போனாள். திருவேங்கடம் அப்படியே உட்கார்ந்துவிட்டார். குழவி கிடந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான் ஒரு தடவைகூட இதைத் தொடலையேம்மா," என்றார்.

"ஆமா," என்றார் அம்மா.

அம்மா சேலையை அவிழ்த்து மடிப்பு இருந்த இடத்தைப் பிடித்து இழுத்தார். இற்றுப்போன தாள் மாதிரி வந்தது. இரண்டு மடிப்புக்கு நடுவே இழுத்தார். அசையவில்லை. சேலையைத் திருவேங்கடத்தின் மடியில் போட்டார். பக்கத்தில் கத்தரிக்கோலை வைத்துவிட்டு அடுப்பைப் பார்க்கப் போய்விட்டார்.

மேகம் வந்தது. திருவேங்கடத்துக்குத் தன் கை தெரியவில்லை. மடியில் இருந்த சேலை தெரியவில்லை. எங்கோ குழந்தை மட்டும் சிணுங்கியது. மறுபடி நனைத்திருக்க வேண்டும்.

மேகம் விலகியபோது அவர் வெட்டிக்கொண்டிருந்தார்.

மடிப்பை எல்லாம் ஒதுக்கியதில் ஒன்பது துண்டு தேறியது. வெந்நீரில் போட்டுக் கஞ்சியை அலசினார். தண்ணீர் வெள்ளையாகக் கலங்கியது. பூரணம் காய்ச்சிய கஞ்சி. அந்தத் தண்ணீரைக் கொட்ட மனம் வராமல் சட்டியைக் கட்டிக்கொண்டு அழுதார். பெரிய மனிதர் அப்படி அழுது அங்கே யாரும் பார்த்ததில்லை. அப்புறம் வாழை மரத்தடியில் ஊற்றிவிட்டு வந்தார்.

அடுப்பை அணையவிடாமல் பக்கத்திலேயே உட்கார்ந்து காயவைத்தார். ஓரம் அடித்தார். குழந்தைக்கு உறுத்தக்கூடாது என்று தையலைத் தன் கன்னத்தில் தேய்த்துத் தேய்த்துப் பார்த்தார். பழைய கம்பளி ஒன்றில் வேறு தூளி கட்டினார்கள். குழவியைப் போட்டு ஆட்டிப் பார்த்த பிறகுதான் குழந்தையைப் போட்டார்கள்.

அதற்குப் பிறகு அவருக்கு மூச்சு விட நேரமில்லை. ஒன்று நனையும், ஒன்று அலசக் கிடக்கும், ஒன்று அடுப்பருகே காயும். இரண்டு நாளில் குழந்தைக்கு மூச்சு சீரானது. காலையில் கேட்கிற கேள்வியை அவர் கேட்கவே இல்லை. கேட்காததும் அவருக்குத் தெரியவில்லை.

ஒன்பதாம் நாள் பாதை திறந்தது. ஜீப் கிளம்பியது. முத்துப்பேச்சி துண்டுகளை எண்ணி அடுக்கி, ஒன்றை மட்டும் அவரிடம் நீட்டினாள்.

"தாத்தா, இது ஒண்ணு உங்ககிட்ட இருக்கட்டும்."

திருவேங்கடம் வாங்கி முகர்ந்து பார்த்தார். கஞ்சி வாசனை இல்லை. பால் வாசனை அடித்தது. வெளியே பனி கொட்டிக்கொண்டிருந்தது. அந்தத் துண்டைக் குழந்தையின் தலையைச் சுற்றிக் கட்டிவிட்டார்.

ஜீப் மேகத்துக்குள் போயிற்று. கொஞ்ச தூரம் வரை சிவப்பு விளக்கு தெரிந்தது. அப்புறம் அதுவும் இல்லை. அவர் வெறுங்கையோடு வாசலிலேயே நின்றார். அம்மா வந்து பக்கத்தில் நின்றார்.

திருவேங்கடம் மெதுவாகக் கேட்டார்.

"பூரணம் இப்போ எங்கேம்மா இருக்கா?"

கீழே மேகத்துக்குள் ஹாரன் சத்தம் கேட்டது. அம்மா காது கொடுத்துக் கேட்டார்.

"மூணாவது வளைவு தாண்டிட்டா."