நிழல் பெற்ற பிள்ளை

ஈரொளி நாட்டுக்குச் சூரியன்கள் இரண்டு. மூத்தவர் ஒழுங்கானவர், தினமும் வேலைக்கு வந்துவிடுவார். தம்பி ஊர்சுற்றி. பல வருஷத்துக்கு ஒருமுறை வந்து தலையைக் காட்டிவிட்டுப் போவான்.

அந்த நாட்டின் நடுவே ஒரு குன்று. குன்றின்மேல், சாந்து பூசாமல் கல்லின்மேல் கல்லாக அடுக்கிய வான்முட்டிக் கோபுரம். ஜனங்கள் கும்பிட்டது கோபுரத்தை இல்லை, அதன் நிழலை. நாட்டைக் காப்பதே அந்த நிழல்தான் என்று நம்பிக்கை. காவலுக்கு இலுப்பன், தொந்தையன், நாவலாயி என்று மூன்று பேர். மூவரில் இலுப்பனுக்குத் தலை பெரிதாக இருந்ததால் அவனையே தலைவனாக்கியிருந்தார்கள்.

நிழலைத் தரிசிக்க ராணி வருவதாகச் சேதி வந்தது. எதிர்கொண்டு அழைக்கக் கிளம்பிய பூசாரி வெண்மதியம்மை சொன்னாள்: "நிழலைக் கண்ணும் கருத்துமா பார்த்துக்குங்க. ஒரு கால் அதுமேல படக்கூடாது. ஏதாவது ஆச்சு, உங்க தலை தப்பாது."

இலுப்பன் தன் பெரிய தலையைத் தடவிப் பார்த்துக்கொண்டான். இழப்பு அவனுக்குத்தான் அதிகம்.

ஒரு கால் படக்கூடாது என்பதால், அன்று முழுக்க மூவரும் நிழலின்மேல் இரண்டு காலையும் சேர்த்து வைத்துக் குதித்துக் குதித்தே போனார்கள்.

மதியம் வந்தது. நிழல் சுருங்கிக் கோபுரத்தின் அடியில் ஒட்டிக்கொண்டது.

"காலையில எவ்வளவு வாட்டசாட்டமா இருந்துச்சு!" என்று இலுப்பன் கலங்கினான்.

"வயித்துக்கு ஏதாவது குடுத்தோமா? அதான் இளைச்சிருச்சு" என்றாள் நாவலாயி.

ஒரு பானைக் கஞ்சியைக் காய்ச்சி நிழலின்மேல் ஊற்றினார்கள். சாயங்காலம் பார்த்தால், நிழல் குன்றின் அடிவாரம்வரை நீண்டு கிடந்தது.

"பக்கம் மாறிப் படுத்திருக்கே?" என்றான் தொந்தையன்.

"உண்ட மயக்கம். புரண்டு படுத்திருக்கும்" என்றான் இலுப்பன். அன்று நிம்மதியாகத் தூங்கினான்.

மறுநாள் விடிந்தபோது, ஊர்சுற்றித் தம்பி தென்பக்கமாகத் தலையை நீட்டியிருந்தான். கோபுரத்துக்கு இரண்டு நிழல். ஒன்று வழக்கம்போல் கறுப்பாக, நீளமாக. இன்னொன்று வெளுப்பாக, குட்டையாக.

மூவரும் இரண்டையும் மாறி மாறிப் பார்த்தார்கள். முதலில் தெளிந்தவள் நாவலாயி.

"மாசமா இருந்திருக்குய்யா! நாமதான் கவனிக்கல."

இலுப்பனுக்கு நெஞ்சு நிறைந்துவிட்டது. தன் காவலில் ஒரு பிரசவம், அதுவும் சுகப்பிரசவம்! தொந்தையன் சர்க்கரை எடுக்க ஓடினான். நாவலாயி மட்டும் குட்டி நிழலருகே உட்கார்ந்து முகத்தைச் சுளித்தாள்.

"பிள்ளை ரொம்ப வெளுத்திருக்கே. சோகையோ என்னவோ. இளவெயில்ல காட்டணும்."

"காட்டிருவோம்."

"எங்கே காட்டுறது? இந்தக் கோபுரம்தான் வெயிலை மறைச்சுக்கிட்டு நிக்குதே!"

இலுப்பன் நிமிர்ந்து பார்த்தான். உண்மைதான். இத்தனை வருஷமாக அது மறைத்துக்கொண்டுதான் நின்றிருக்கிறது.

"இடிச்சா பூசாரியம்மா திட்ட மாட்டாங்களா?" என்றான், சர்க்கரையோடு திரும்பி வந்திருந்த தொந்தையன்.

இலுப்பன் நெடுநேரம் யோசித்தான். "நிழலைத்தானே பார்த்துக்கச் சொன்னாங்க? கோபுரத்தைப் பத்தி ஒரு வார்த்தை சொன்னாங்களா?"

சொல்லவில்லை. மூவரும் அடிக்கல்லில் கயிற்றைக் கட்டித் தூரத்தில் நின்று இழுத்தார்கள். எந்தப் புயலுக்கும் அசையாத கோபுரம், பெருஞ்சத்தத்தோடு மறுபக்கச் சரிவில் உருண்டு பள்ளத்தாக்கில் போய் விழுந்தது.

குன்றெல்லாம் பளீரென்று வெயில். தாயும் இல்லை, பிள்ளையும் இல்லை.

அந்த நேரம் பார்த்துச் சங்கு ஊதினார்கள். பல்லக்கு வந்து நின்றது. வெறும் குன்றைக் கண்ட வெண்மதியம்மை பேச்சுமூச்சில்லாமல் தரையில் உட்கார்ந்துவிட்டாள்.

ராணி செங்காந்தி இறங்கினார். அவருக்குப் புத்தி தேவைப்பட்டதே இல்லை. ஆட்சி அதுபாட்டுக்கு நடந்துகொண்டிருந்தது.

"எங்கே நிழல்?"

தலை குனிந்த இலுப்பன் அப்படியே அலறினான். "அதோ! ராணியம்மா காலடியில! தாயும் பிள்ளையும்!"

ராணி குனிந்து பார்த்தார். கறுப்பாக ஒன்று, வெளுப்பாக ஒன்று. அவர் கண் கலங்கியது.

"நம்மைத் தேடி வந்து காலைப் பிடித்திருக்கிறது. அரண்மனைக்கே அழைத்துப் போவோம். பிள்ளை பெற்ற உடம்பு, நடக்கக்கூடாது. பல்லக்கில் ஏற்றுங்கள். நான் நடந்து வருகிறேன்."

காற்றுப் படாமல் பல்லக்கின் திரைகளை இழுத்து மூடினார்கள். இலுப்பன் உள்ளே எட்டிப் பார்த்தான். ஒரே இருட்டு.

"ஏறியாச்சு" என்றான்.

ஊர்வலம் கிளம்பியது. பாதி வழியில் தூக்கிகள் பல்லக்கை இறக்கி வைத்துவிட்டுச் சண்டைக்கு நின்றார்கள். "ஒரு ஆள்னுதானே சொன்னீங்க? ரெண்டு பேரை ஏத்திட்டீங்களே! தோள்பட்டை கழண்டு போச்சு!"

நியாயம்தான் என்று இலுப்பனுக்குப் பட்டது. திரைக்குள் இரண்டு கையையும் விட்டு, எதையோ மெல்லத் தூக்கி, இடுப்பில் வைத்துக்கொண்டான். தூக்கிகள் பல்லக்கைத் தூக்கிப் பார்த்து, "இப்பப் பரவாயில்லை" என்றார்கள்.

தலைநகர்வரை இலுப்பன் ஒரு பக்கமாகச் சாய்ந்தே நடந்தான். பேச்சு திரும்பிய வெண்மதியம்மை, "அடேய் பாவி!" என்று கத்திக்கொண்டு பின்னால் ஓடி வந்தாள்.

இலுப்பன் திரும்பி, உதட்டில் விரலை வைத்தான்.

"சத்தம் போடாதீங்கம்மா. இப்பத்தான் கண்ணசந்திருக்கு."